சூப் பேணி சித்திரமான கதை

1962ஆம் ஆண்டு ஜூலை மாதத்திலே, அமெரிக்காவின் லொஸ் ஏஞ்சலிஸ் நகரில், பெரஸ் என்னும் சிறிய ஓவியக்கூடத்தில் கண்காட்சி ஒன்று ஆரம்பமாயிற்று. உள்ளே நுழைந்தோர், தாம் வழி தவறிப் பலசரக்குக் கடைக்குள் வந்துவிட்டோமோ என்று ஐயுறும் வண்ணம் அக்காட்சி அமைந்திருந்தது. கடைகளிலே பொருள் அடுக்கும் தட்டைப் போன்ற ஒடுங்கிய பலகை சுவரோரமாகப் பொருத்தப்பட்டிருந்தது. அதன்மேல் 32 படங்கள் வரிசையாக நின்றன. ஒவ்வொன்றும் 20 அங்குல உயரமும் 16 அங்குல அகலமும் கொண்டது. அவற்றிலே தீட்டப்பட்டிருந்த பொருளோ ஒன்றே. அமெரிக்கர் வீடுதோறும் அறிந்திருந்த காம்பெல் நிறுவனத்தாரின் சூப் பேணியே அது.

மேற்பாதி சிவப்பு, கீழ்ப்பாதி வெள்ளை, நடுவிலே பொன்னிற வட்டம். தக்காளி, காளான், கோழி இறைச்சி என்று பெயர் மட்டுமே படத்திற்குப் படம் மாறிற்று. அந்நாளில் அந்நிறுவனத்தார் விற்ற சூப் வகைகள் 32. ஆதலின் படங்களும் 32. ஒரு படத்தின் விலை 100 டொலர்.

கண்டவர் பலர் நகைத்தனர். அண்மையிலிருந்த மற்றோர் ஓவியக்கூடத்தார் மெய்யான சூப் பேணிகளை வாங்கித் தமது கண்ணாடி யன்னலிலே அடுக்கி, அசற்பொருள் தம்மிடம் மலிவாகக் கிடைக்கும் என்று அறிவித்தலும் வைத்தனர்.

படங்களைத் தீட்டியவர் அன்டி வோர்ஹோல். அவரும் அவர் காலத்தவர் சிலரும் வளர்த்த நெறியே "பொப் கலை" எனப் பெயர்பெற்றது. பொதுமக்களிடையே பரவியது என்று பொருள்படும் ஆங்கிலச் சொல்லின் முதலசையே "பொப்" ஆகும். இக்கலையை வெறுங் கேலிக்கூத்து என்று தள்ளுவோர் உளர். வணிகருக்குப் பாடிய துதி என்று இகழ்வோரும் உளர். இரண்டும் முழு உண்மையல்ல. நாம் வாங்கி உண்பது உணவையா, அன்றி அதன்மேல் ஒட்டிய லேபலையா என்னும் வினாவை, அடுப்பங்கரைக்கு அண்மையில் நின்று எழுப்பிய கலை அது. அந்த வினா எவ்வாறு பிறந்தது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

திறந்த பழமும் மூடிய பேணியும்

உணவைத் தீட்டுவது மேனாட்டு ஓவியருக்குப் புதிதன்று. 17ஆம் நூற்றாண்டிலே ஒல்லாந்து நாட்டில் வாழ்ந்த பீற்றர் கிளாஸ், வில்லெம் ஹேடா முதலியோர் உணவு மேசையையே தம் பொருளாகக் கொண்டனர். பாதி உரித்த எலுமிச்சம்பழம், பிய்த்து வைத்த பாண், சரிந்து கிடக்கும் வெள்ளிக் கிண்ணம் ஆகியவற்றை அவர்தம் படங்களிலே காணலாம். அடுத்த நூற்றாண்டில் பிரான்சு நாட்டுச் சார்டேன் என்பவர், எளிய வீட்டுச் செப்புப் பாத்திரங்களையும் முட்டைகளையும் மீனையும் அன்போடு தீட்டினார்.

இப்படங்களிலெல்லாம் உணவு திறந்திருக்கிறது. பழத்தின் சாறு தெரிகிறது. பாணின் பொருக்குத் தெரிகிறது. பார்ப்பவன் நாவில் நீர் ஊறுகிறது. வோர்ஹோலின் 32 படங்களையும் ஒன்றன்பின் ஒன்றாக உற்று நோக்குங்கள். ஒரு துளி சூப்பேனும் அவற்றில் இல்லை, ஆவி இல்லை, கரண்டி இல்லை, உண்பவரும் இல்லர். பேணி மூடியபடியே நிற்கிறது. மூன்று நூற்றாண்டுகளில் உணவுப் படத்திலிருந்து உணவே மறைந்துபோயிற்று. இம்மாற்றத்தின் காரணத்தை ஓவியரிடத்தில் மட்டும் தேடினால் விடை கிடையாது. கடையிலே தேட வேண்டும்.

கடைக்காரர் மறைந்தார்

1897ஆம் ஆண்டிலே, காம்பெல் நிறுவனத்தில் வேலை பார்த்த ஜோன் டொரன்ஸ் என்னும் இளம் இரசாயன அறிஞர் ஒருவர், சூப்பிலிருந்து நீரின் பெரும்பகுதியை நீக்கிச் செறிவாக்கிப் பேணியில் அடைக்கும் முறையைக் கண்டார். நீர் குறையவே பாரம் குறைந்தது. பாரம் குறையவே ஏற்றுமதிச் செலவு குறைந்தது. ஒரு பேணி 10 சதத்திற்கு விற்கப்பட்டது. வீட்டுப் பெண் அதனுடன் நீர் சேர்த்துச் சூடாக்கினால் போதும். அடுத்த ஆண்டிலே பேணிக்குச் சிவப்பு வெள்ளை லேபல் வந்தது. கோர்னெல் சர்வகலாசாலை உதைபந்தாட்ட வீரரின் உடையைக் கண்டு கவரப்பட்ட நிறுவன அதிகாரி ஒருவரே அவ்வண்ணங்களை எடுத்துக் கொடுத்தார் என்பர். 1900ஆம் ஆண்டுப் பாரிஸ் மாநகரப் பொருட்காட்சியிலே கிடைத்த பொற்பதக்கம் லேபலின் நடுவிலே இடம்பெற்றது.

எனினும், லேபலுக்கு முழு ஆட்சியை அளித்தது பிறிதொரு நிகழ்ச்சி. அதுகாறும் அமெரிக்கக் கடையிலும், நம் ஊர்ப் பலசரக்குக் கடையைப் போலவே, முதலாளி மேசைக்குப் பின்னால் நிற்பார். வாங்க வந்தவர் கேட்பார். அவர் மூட்டையிலிருந்து அள்ளி நிறுத்துக் கொடுப்பார். எது நல்லது, எது பழையது என்று சொல்பவரும் அவரே. 1916ஆம் ஆண்டு செப்ரெம்பர் மாதம், மெம்பிஸ் நகரிலே கிளாரன்ஸ் சோண்டர்ஸ் என்பவர் "பிக்லி விக்லி" என்ற வேடிக்கைப் பெயரோடு ஒரு கடையைத் திறந்தார். அங்கே வாங்குவோர் தாமே கூடையை ஏந்தித் தட்டுகளிடையே நடந்து, வேண்டியதைத் தாமே எடுத்தனர். இம்முறை விரைவிற் பரவியது. இன்றைய சுப்பர் மார்க்கற்றுகள் அதன் வழித்தோன்றல்களே.

கடைக்காரர் மறைந்ததும் அவர் வாயிலிருந்த சொல் பேணியின் மேலேறிற்று. பொருளைப் பரிந்துரைப்பதற்கு மனிதர் இல்லை. வண்ணமும் எழுத்துமே பரிந்துரைக்க வேண்டும். வாங்குபவரோ உள்ளே இருப்பதை முகர்ந்து பார்க்கவோ தொட்டுப் பார்க்கவோ இயலாது. லேபலை நம்பி வாங்குகிறார். அமெரிக்கக் குழந்தை தக்காளியைச் செடியிலே காண்பதற்கு முன் பேணியிலே கண்டது. ஒல்லாந்து ஓவியர் தம் கண்முன் இருந்த பழத்தைத் தீட்டினர். வோர்ஹோலும் தம் கண்முன் இருந்ததையே தீட்டினார். கண்முன் இருந்தது லேபல்.

பசித்த லண்டனில் எழுந்த கனவு

இப்புதிய உலகை முதலிலே கலையாக்கியவர்கள் அமெரிக்கர் அல்லர். பசியறிந்த ஆங்கிலேயர் ஆவர். இரண்டாம் உலகப்போர் காரணமாக 1940ஆம் ஆண்டிலே பிரித்தானியாவில் உணவுப் பங்கீடு புகுத்தப்பட்டது. போர் முடிந்த பின்னரும் அது நீங்கவில்லை. போர்க்காலத்திலே பங்கீடு செய்யப்படாத பாண்கூட 1946 முதல் 1948 வரை பங்கீட்டிற்குட்பட்டது. இறைச்சிப் பங்கீடு நீங்கியது 1954ஆம் ஆண்டு ஜூலையிலேதான்.

அந்த வறண்ட காலத்திலே, அமெரிக்கச் சஞ்சிகைகளின் வண்ண விளம்பரங்கள் ஆங்கில இளைஞருக்குச் சொர்க்கத்தின் பலகணிபோற் காட்சியளித்தன. எடுவார்டோ பவலோட்சி என்னும் கலைஞர் அமெரிக்கப் போர்வீரரிடமிருந்து பெற்ற சஞ்சிகைகளை வெட்டி ஒட்டிப் படங்கள் செய்தார். 1947ஆம் ஆண்டைச் சேர்ந்த அவர் படமொன்றிலே, செரிப்பழப் பணியாரத் துண்டும் கொக்கா கோலாப் போத்தலும் உள்ளன. கைத்துப்பாக்கி வாயிலிருந்து "பொப்" என்னும் சொல் வெடித்துக் கிளம்புகிறது. 1956ஆம் ஆண்டிலே ரிச்சர்ட் ஹமில்டன், லண்டன் வைற்சப்பல் ஓவியக்கூடத்தில் நடந்த கண்காட்சியின் பொருட்டு ஒட்டுப்படம் ஒன்று செய்தார். இக்கால வீடுகள் இத்துணைக் கவர்ச்சியாய் இருப்பதன் காரணம் யாது என்று வினவுவது போன்றது அதன் தலைப்பு. அவ்வீட்டிலே தொலைக்காட்சி உண்டு, தூசி உறிஞ்சும் இயந்திரம் உண்டு, மேசைமீது பேணியில் அடைத்த பன்றியிறைச்சியும் கொலுவீற்றிருக்கிறது. முன்னாளிலே அவ்விடத்திற் பூச்சாடி வைத்திருப்பர்.

பங்கீட்டு அட்டையோடு வரிசையில் நின்றவர் கண்ட கனவு அது. எள்ளல் அதில் உண்டு; ஏக்கமும் உண்டு. நிறைந்த வயிற்றினன் விளம்பரத்தைப் பார்த்துச் சிரிப்பதற்கும் பசித்தவன் பார்த்துச் சிரிப்பதற்கும் வேற்றுமை பெரிது.

சாந்தினாற் செய்த பணியாரம்

அத்திலாந்திக் சமுத்திரத்திற்கு அப்பால், அந்தக் கனவு நனவாகிவிட்ட நாட்டிலே, கலைஞர் வேறு கோணத்தில் நின்று அதனை நோக்கினர். சுவீடனிற் பிறந்து அமெரிக்காவிலே வளர்ந்த கிளாஸ் ஓல்டன்பேர்க், 1961ஆம் ஆண்டு டிசெம்பரில் நியூயோர்க்கின் எளியவர் வாழும் கிழக்குப் பகுதியிலே உண்மையாகவே ஒரு கடை திறந்தார். பெயரும் "கடை" என்பதே. பணியாரம், இறைச்சி, சட்டை, சப்பாத்து எல்லாம் அங்கே இருந்தன. அனைத்தும் கம்பி வலையின் மேல் சாந்து தோய்த்த துணியைப் போர்த்தி, பளபளக்கும் வண்ணம் பூசியவை. கோணல்மாணலாய், வண்ணம் வழிந்து, தெருவோரத்து மலிவுக் கடைச் சரக்கைப் போலவே அவை தோன்றின. விலைகளும் கடை விலைகளே. ஒரு பொருளுக்கு 500 டொலர் என்று சொல்லாமல் 499.99 டொலர் என்று குறித்தார்.

அடுத்த ஆண்டிலே அவர் செய்தது "தரை பேகர்". இறைச்சியை நடுவில் வைத்த உருண்டைப் பாண் அது. ஏழடி குறுக்களவுள்ள இதனைக் கித்தான் துணியிலே தைத்து, நுரைப்பஞ்சும் அட்டைப் பெட்டிகளும் இட்டு நிரப்பித் தரையிலே கிடத்தினார். அதனைத் தைத்தவர் அவர் மனைவி பற்றி என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கது. பெரிதாகிவிட்ட அவ்வுணவை மனிதன் உண்ண இயலாது. அதுதான் மனிதனை விழுங்கும் போலிருக்கிறது. நம்மவர் பலர் இன்று குடியேறி வாழும் ரொறன்ரோ நகரிலுள்ள ஒன்ராறியோ ஓவியக்கூடத்தார் 1967ஆம் ஆண்டில் அதனை விலைக்கு வாங்கியபோது, மாணவர் சிலர் அதற்கேற்ற மாபெரும் தக்காளிச் சோஸ் போத்தல் ஒன்றைச் செய்து தூக்கிவந்து ஓவியக்கூட வாயிலிலே ஆர்ப்பாட்டம் செய்தனர். எதிர்த்தவரும் அறியாமலே பொப் கலை படைத்தனர் எனலாம்.

கலிபோர்னியாவிலே ஆசிரியராயிருந்த வெயின் தீபோவின் போக்கு வேறு. இளமையில் உணவுச்சாலையிலே வேலை செய்த அவர், கண்ணாடிப் பெட்டியில் வரிசையாக வைத்த கேக்குகளையும் பழப் பணியாரத் துண்டுகளையும் தீட்டினார். 1963ஆம் ஆண்டில் அவர் தீட்டிய "கேக்குகள்" என்ற படம் வாஷிங்ரன் தேசிய ஓவியக்கூடத்தில் இருக்கிறது. கேக்கின்மேல் ஐசிங் பூசுவதைப் போலவே எண்ணெய் வண்ணத்தைத் தடிப்பாகப் பூசியிருக்கிறார். நாவூறும் படங்களே, ஆயினும் ஒவ்வொரு கேக்கும் தனித்து நிற்கிறது, சுற்றிலும் வெறுமை. பிறந்தநாட் பாட்டு இல்லை, குழந்தைகள் இல்லை. தம்மைப் பொப் கலைஞர் என்று அழைப்பதை அவர் விரும்பவில்லை. 101 வயது வரை வாழ்ந்து 2021ஆம் ஆண்டில் மறைந்தார்.

தகரப் பூக்கள்

மீண்டும் நம் சூப் பேணிக்கு வருவோம். வோர்ஹோல் அதனை ஏன் தெரிந்தெடுத்தார்? அவர் பிறந்தது 1928ஆம் ஆண்டில், பிற்ஸ்பேர்க் என்னும் இரும்பாலை நகரிலே. பெற்றோர் இன்றைய சிலோவாக்கியாவின் மலைக்கிராமம் ஒன்றிலிருந்து குடியேறியவர்கள். 1942ஆம் ஆண்டில் தந்தை இறந்தார். தாய் யூலியா பிறர் வீடுகளைத் துப்புரவு செய்து பிள்ளைகளை வளர்த்தார். அத்துடன், பழம் அடைத்து வந்த வெறும் பேணிகளைக் கத்தரித்துத் தகரப் பூக்கள் செய்து, வீடு வீடாகக் கொண்டுசென்று விற்றார். தாம் பேணிகளைத் தீட்டியதற்கு அந்தத் தகரப் பூக்களே காரணம் என்று வோர்ஹோல் பிற்காலத்தில் கூறியதுண்டு. அந்த சூப்பையே பல்லாண்டுகள் நாள்தோறும் பகலுணவாகக் கொண்டதாகவும் சொல்வார்.

இச்செய்தியை அறிந்த பின் அப்படங்களை நோக்குக. செல்வர் வீட்டுப் பிள்ளை ஒருவன் ஏழையின் பேணியைக் கண்டு எள்ளி நகைத்த படங்களல்ல அவை. வேலைக்குச் சென்று களைத்து வந்த தாய் திறந்து சூடாக்கிக் கொடுத்த உணவு அது. பிற மொழி பேசும் வீட்டிலே வளர்ந்த சிறுவனுக்கு, அண்டை வீட்டாரும் உண்பதையே தானும் உண்கிறேன் என்ற நிறைவைக் கொடுத்ததும் அப்பேணி எனலாம். கொக்கா கோலாப் போத்தல்களையும் வரிசை வரிசையாகத் தீட்டிய அவர், நாட்டின் தலைவர் குடிப்பதும் தெருவோரத்து ஏழை குடிப்பதும் ஒரே பானந்தான், எவ்வளவு பணம் கொடுத்தாலும் அதனினும் நல்லதொன்றை வாங்க இயலாது என்று பின்னாளில் எழுதினார். இதில் உண்மை உண்டு. ஆயினும், குடிப்பதிலே சமமான இருவர் அப்பானத்திற்கான காசைத் தேடுவதிலும் சமமானவரா என்பதை லேபல் சொல்லாது.

படங்களின் செய்முறையிலும் ஒரு நுட்பம் உண்டு. அந்த 32 படங்களையும் அவர் அச்சியந்திரத்தால் ஆக்கவில்லை. உருவத்தை ஒளிபாய்ச்சி வரைந்து, கையாலே வண்ணம் தீட்டினார். அடியிலுள்ள சிறு பூவுருவை மட்டும் இறப்பர் முத்திரையாற் குத்தினார். இயந்திரம் செய்த பொருளை, இயந்திரம் போலவே கை செய்தது. பாரிஸ் பதக்கத்தின் நுண்ணிய வேலைப்பாட்டை அவர் தீட்டவில்லை. பதக்கம் இருந்த இடத்திலே வெறும் பொன்வட்டமே உள்ளது. லேபல் பறைசாற்றிய பெருமையின் உள்ளீடு யாதென்பதை அந்த வெற்று வட்டம் காட்டுகிறது.

கடையா, கலைக்கூடமா?

1964ஆம் ஆண்டிலே இந்த விளையாட்டு இன்னும் ஒரு படி ஏறிற்று. ஏப்ரல் மாதத்தில் நியூயோர்க்கின் ஸ்ரேபிள் ஓவியக்கூடத்தில், கடைகளுக்குச் சரக்கு வரும் அட்டைப் பெட்டிகளைப் போன்ற மரப்பெட்டிகளை வோர்ஹோல் அடுக்கினார். தக்காளிச் சோஸ், சோளப்பொரி, பேணிப் பழம், பாத்திரம் துலக்கும் பிறில்லோப் பஞ்சு ஆகியவற்றின் பெட்டிகள் அவை. கொலம்பியாச் சர்வகலாசாலைத் தத்துவ ஆசிரியர் ஆதர் டான்ரோ அவற்றைக் கண்டு திகைத்தார். கண்ணுக்கு ஒன்றாகத் தோன்றும் இரு பெட்டிகளுள் ஒன்று கலையாகவும் மற்றையது சரக்காகவும் ஆவது எதனால் என்ற அவரது வினா, கலைத் தத்துவத்தில் இன்றும் விவாதிக்கப்படுகிறது. 1965ஆம் ஆண்டிலே கனடா நாட்டுச் சுங்க அதிகாரிகள் அவ்வினாவிற்கு எளிதாக விடை கண்டனர். இவை சிற்பமல்ல, வியாபாரச் சரக்கே என்று கூறி வரி கேட்டனர்!

இதிலே கசப்பான செய்தியொன்றும் உண்டு. மெய்யான பிறில்லோப் பெட்டியின் வண்ண அமைப்பை வகுத்தவர் ஜேம்ஸ் ஹார்வி என்பவர். அவரும் ஓவியரே. சொந்தமாக ஓவியந் தீட்டிய அவர், வயிற்றுப்பாட்டிற்காக விளம்பர வேலை செய்தார். அவர் கூலிக்கு வகுத்த பெட்டி பிறர் பெயரால் கலையாகிப் புகழ் பெற்றது. அவர் 1965ஆம் ஆண்டில் இளவயதிலே காலமானார்.

அதே 1964ஆம் ஆண்டு ஒக்ரோபரில், நியூயோர்க் பியங்கினி ஓவியக்கூடம் முழுவதும் "அமெரிக்க சுப்பர் மார்க்கற்" ஆக மாறியது. மெய்யுணவும் பொய்யுணவும் அருகருகே இருந்தன. வோர்ஹோல் கையொப்பமிட்ட மெய்யான சூப் பேணிகள் மூன்று 18 டொலர். உள்ளிருந்த சூப் மாறவில்லை, வெளியே ஒரு கையெழுத்து, விலையோ பன்மடங்கு. லேபலின் மேல் மற்றொரு லேபல் ஏறிய கதை இது.

பேணியில் நஞ்சு

லேபலை நம்பி வாழும் வாழ்விலே ஆபத்தும் உண்டு. 1963ஆம் ஆண்டிலே டெட்ரோயிற் பகுதியில், பேணியில் அடைத்த சூரை மீனை உண்ட பெண்கள் இருவர் நஞ்சேறி இறந்தனர். வோர்ஹோல் அச்செய்தியின் சஞ்சிகைப் படங்களை எடுத்து, பட்டுத்திரை அச்சு முறையாலே கித்தானில் திரும்பத் திரும்பப் பதித்தார். மேலே பேணி, கீழே புன்னகை செய்யும் இரு சாதாரணப் பெண்களின் முகங்கள். சூப் பேணியைக் கண்டு சிரித்தவர் இப்படத்தின்முன் சிரிக்க மாட்டார். ஆயிரம் பேணிகள் ஒரே தோற்றம் உடையவை. அவற்றுள் ஒன்றிலே மரணம் இருந்தால் அதை லேபல் காட்டிக்கொடுப்பதில்லை.

விளம்பரப் பலகைகள் தீட்டி வாழ்ந்த ஜேம்ஸ் றோசன்குவிஸ்ற் 1964-65இலே "எஃப்-111" என்ற படத்தைத் தீட்டினார். நீளம் 86 அடி. அமெரிக்கப் போர்விமானம் ஒன்று படத்தின் முழு நீளத்திற்கும் பாய்கிறது. அதனை ஊடறுத்து, உயிர்ச்சத்துகளின் பெயர் எழுதிய கொடிகள் குத்திய கேக் ஒன்று, அணுகுண்டு மேகம், இறுதியிலே தக்காளிக் குழம்பில் நெளியும் ஸ்பகெற்றி. வியற்நாம் போர் வளர்ந்துகொண்டிருந்த காலம் அது. கேக்கும் குண்டும் ஒரே பொருளாதாரத்தின் உற்பத்திகள் என்பதை அவர் வாதிடவில்லை. அருகருகே வைத்துக் காட்டினார்.

கன்னியாஸ்திரியின் பாண்

இக்கலைஞருள் நம் உள்ளத்திற்கு மிக அணுக்கமாக நிற்பவர் கொரிற்றா கென்ற் அம்மையார். லொஸ் ஏஞ்சலிஸ் கத்தோலிக்கக் கல்லூரி ஒன்றிலே ஓவியம் கற்பித்த கன்னியாஸ்திரி அவர். 1962ஆம் ஆண்டிலே பெரஸ் கூடத்தின் சூப் பேணிகளைக் கண்டவர்களுள் அவரும் ஒருவர். கடைகளிலே விற்ற "வொண்டர்" பாண் சுற்றும் தாளின் வண்ணப் பொட்டுகளையும் சொற்களையும் எடுத்து, கத்தோலிக்கர் வழிபாட்டிற் பெறும் தெய்வ அப்பத்தை நினைவூட்டும் அச்சுப் படங்கள் செய்தார். 1964ஆம் ஆண்டுப் படமொன்றிலே, பசித்தவனுக்குக் கடவுள் பாணின் வடிவிலன்றித் தோன்ற இயலாது என்னும் மகாத்மா காந்தியின் கருத்தைப் பாண் விளம்பரச் சொற்களோடு இணைத்தார். அன்னத்தைத் தெய்வமாகப் போற்றும் மரபிலே வந்த நமக்கு இதனை விளக்க வேண்டுவதில்லை. விளம்பரம் பாணின் பெருமையைப் பொய்யாக மிகுத்துக் கூறுகிறது என்று பிறர் சொன்னார்கள். பாணின் மெய்யான பெருமையை விளம்பரம் மிகவும் குறைத்தன்றோ கூறுகிறது என்பது போன்றது அம்மையாரின் கலை.

நிறுவனம் விழுங்கிற்று

இனி, பேணி நிறுவனத்தார் யாது செய்தனர்? முதலில் ஐயத்தோடு நோக்கினர். 1964ஆம் ஆண்டிலே அந்நிறுவன அதிகாரி ஒருவர் வோர்ஹோலுக்குப் பாராட்டுக் கடிதம் எழுதி, தக்காளி சூப் பேணிகளையும் அனுப்பினார். 1966-67 அளவிலே, சூப் பேணிகள் அச்சிட்ட கடுதாசிச் சட்டையை ஒரு டொலருக்கும் இரு லேபல்களுக்கும் பெண்களுக்கு விற்றனர். 2012ஆம் ஆண்டில், பொன்விழா என்று கூறி, வோர்ஹோலின் வண்ணங்களில் அச்சிட்ட லேபல்களோடு சூப்பையே 75 சதத்திற்கு விற்றனர். விளம்பரத்தைப் பற்றி வினவிய கலை, இறுதியில் விளம்பரமாயிற்று.

அந்த 32 படங்களின் கதையும் அத்தகையதே. அவற்றுள் ஐந்தாறு படங்களை வாங்க ஒப்புக்கொண்டோர் இருந்தனர். ஓவியக்கூடத்தை நடத்திய ஏர்விங் புளும், தொகுதி கலையலாகாது என்றெண்ணி அவற்றை மீட்டு, 32 படங்களுக்கும் மொத்தமாக 1,000 டொலரைத் தவணை முறையில் வோர்ஹோலுக்குக் கொடுத்துத் தாமே வைத்துக்கொண்டார். 1996ஆம் ஆண்டில் நியூயோர்க் நவீன கலை நூதனசாலை அவற்றைப் பெற்றபோது மதிப்பு ஏறத்தாழ 15,000,000 டொலர். நுகர்வோர் பண்பாட்டைக் காட்டவந்த படங்கள் அப்பண்பாட்டின் விலையுயர்ந்த நுகர்பொருளாயின. பொப் கலையின் குறை இது. தான் காட்டிய கண்ணாடியைத் தானே விலைபேசி விற்றது.

கடைசி விருந்து

வோர்ஹோல் தம் இறுதிக் காலத்திலே, லியனார்டோ டாவின்சி தீட்டிய இயேசுநாதரின் கடைசி விருந்தைப் பலமுறை தம் வழியில் தீட்டினார். 1987ஆம் ஆண்டு ஜனவரியில், மூல ஓவியம் உள்ள மிலான் நகர மடாலயத்திற்கு எதிரிலேயே அப்படங்களுட் சில வைக்கப்பட்டன. 1986ஆம் ஆண்டில் தீட்டிய ஒரு படத்திலே, விருந்தின் மேல் 59 சதம் என்ற விலைச்சீட்டு ஒட்டியிருக்கிறது. உலகில் மிகப் புனிதமென ஒரு சமயத்தார் கருதும் உணவுக்கும் விலைச்சீட்டு! இகழ்ச்சியா, துயரமா என்பதைப் பார்ப்பவரே தீர்மானிக்க வேண்டும்.

அடுத்த மாதமே, பெப்ரவரி 22ஆம் தேதி, அவர் இறந்தார். அதன் பின்னரே பலரும் அறியாதிருந்த ஒரு செய்தி வெளியாயிற்று. நியூயோர்க் தேவாலயம் ஒன்றிலே, நத்தார், உயிர்த்த ஞாயிறு, நன்றியறிதல் நாள் ஆகிய திருநாட்களில் வீடற்றோர்க்கு உணவளிப்பது வழக்கம். புகழும் பொருளும் நிறைந்த வோர்ஹோல் சில ஆண்டுகளாக அங்கே சென்று, கோப்பி ஊற்றி, உணவு பரிமாறி, இடத்தைத் துப்புரவாக்கவும் உதவியிருக்கிறார்.

லேபல்களையே வாழ்நாளெல்லாம் தீட்டிய அவர், அங்கே ஊற்றிய கோப்பி எந்த நிறுவனத்தாருடையது என்று எவரும் கேட்டிரார். பசித்தவர் முன்னே பேணி திறக்கப்பட்டுவிட்டது. யூலியா அம்மாள் தம் பிள்ளைகளுக்குச் சூடாக்கிக் கொடுத்ததும் இத்தகைய உணவே. பேணியை யாரும் விற்கலாம். அதனைத் திறந்து, சூடாக்கி, ஒருவர் முன் வைக்கும் செயலை மட்டும் எந்தத் தட்டிலிருந்தும் எடுத்துக் கூடையிலே போட முடியாது. அந்த 32 மூடிய பேணிகளும் சொல்லாமல் விட்டது இதுவே. அடுத்தமுறை சுப்பர் மார்க்கற்றின் நீண்ட தட்டுகளினூடே நடக்கையில், வண்ண லேபல்கள் நம்மைக் கைகாட்டி அழைக்கும்போது, அதனைச் சற்றே நினைத்துக்கொள்வோம்.